சேற்றுக்குள் இருந்து வந்த சாட்சி

கடந்த கோடை விடுமுறையில் எமது ஊர்த் தமிழ்ப் பாடசாலைப் பிள்ளைகளையும் கூட்டிக்கொண்டு, பன்னிரண்டு குடும்பங்கள் சேர்ந்து ஒரு பஸ் பிடித்து ஸ்ரொக்ஹோம் போய் வந்தோம். விடிய நாலு மணிக்கே எழும்பி, பாணும் சம்பலும் றோல்சும் கட்டிக்கொண்டு புறப்பட்ட பயணம். அரச மாளிகையைப் பார்ப்பது, கடைத்தெருவைச் சுற்றுவது, இருட்ட முன்னர் திரும்புவது. எங்கள் திட்டம் அவ்வளவுதான். ஆனால் "வாசாவைப் பார்க்காமல் வரவேண்டாம் என்று எங்கட ரீச்சர் சொன்னவ" என்று பிள்ளைகள் ஒற்றைக்காலில் நின்றார்கள். பிள்ளைகளுக்காகத்தான் வாசா நூதனசாலைக்குள் போனோம்.

உள்ளே ஒரே இருட்டு. கண் பழகியதும் எங்கள் முன்னால் எழும்பி நின்றது ஒரு கறுத்த மரக்கப்பல். பின்பக்கத்தின் உயரம் மட்டும் 19 மீற்றர். அதில் சிங்கங்கள், அரசர்கள், போர்வீரர்கள் என்று எங்கு பார்த்தாலும் மரச் சிற்பங்கள். நாங்கள் எல்லோரும் வாயைப் பிளந்துகொண்டு அண்ணாந்து பார்த்தோம்.

எங்களோடு வந்த ஐயா ஒருவர் ஊரில் கடலோடு வாழ்ந்தவர். அவர் மட்டும் மேலே பார்க்கவில்லை. கம்பிவேலியைப் பிடித்துக்கொண்டு குனிந்து கப்பலின் அடிப்பாகத்தைக் கன நேரம் பார்த்தார். பிறகு சொன்னார்: "தம்பியவை, இதுக்கு வயிறு சின்னன், தலைப்பாரம் கூட. இது காத்துக்கு நிக்காது."

நாங்கள் சிரித்தோம். பக்கத்தில் இருந்த பலகையைப் பிள்ளைகள் வாசித்துச் சொன்னதும் எங்கள் சிரிப்பு நின்றுவிட்டது. இந்தக் கப்பல் தனது முதற் பயணத்தில் ஏறக்குறைய 1,300 மீற்றர்தான் ஓடியது. அதாவது எங்கள் வீட்டிலிருந்து பஸ் தரிப்பிடத்துக்குப் போய் வரும் தூரம். அதற்குள் கவிழ்ந்து கடலின் அடிக்குப் போய்விட்டது.

ஐயாவுக்கு ஒரு பார்வையில் தெரிந்தது, கட்டியவர்களுக்குத் தெரியாமலா போனது? இந்தக் கேள்வியோடுதான் நாங்கள் அங்கே மூன்று மணித்தியாலம் நின்றோம். வீட்டுக்கு வந்த பிறகும் நூலகத்தில் புத்தகம் எடுத்து, சுவீடிஷ் நன்றாகத் தெரிந்த பிள்ளைகளைக் கொண்டு வாசிப்பித்துக் கேட்டோம். அறிந்ததை வாசகர்களோடு பகிர்ந்துகொள்ளவே இந்தக் கட்டுரை.

அரசரின் ஆசை

அப்போது சுவீடனை ஆண்டவர் இரண்டாம் குஸ்தாவ் அடொல்ப். போலந்தோடு போர் நடந்துகொண்டிருந்தது. பால்டிக் கடலில் எதிரிகள் கண்டு நடுங்கும் பெரிய போர்க்கப்பல்கள் அவருக்குத் தேவைப்பட்டன. கப்பல் கட்டும் வேலை ஒல்லாந்தில் இருந்து வந்த தலைமைத் தச்சர் ஹென்றிக் ஹிபேர்ட்சனிடம் ஒப்படைக்கப்பட்டது. அவர் நோயில் விழுந்து 1627ம் ஆண்டு இறந்துபோனார். அவரது மனைவி மார்கரெத்தா நில்ஸ்டொட்டேர் கட்டுதுறையின் நிர்வாகத்தைப் பார்த்தார். கப்பல் வேலையை ஹெயின் யாக்கொப்சன் என்ற மற்றொரு ஒல்லாந்தத் தச்சர் முடித்தார்.

அந்தக் கட்டுதுறையில் ஏறக்குறைய 400 பேர் வேலை செய்தார்கள். சுவீடன்காரர், பின்லாந்துக்காரர், ஒல்லாந்தர், ஜேர்மன்காரர் என்று பல பாஷைக்காரர். இதை வாசித்ததும் எங்கள் தொழிற்சாலையின் சாப்பாட்டு அறை நினைவுக்கு வந்தது. அங்கேயும் இப்படித்தான், ஒரு மேசைக்கு ஒரு பாஷை!

கப்பலில் இரண்டு தட்டுக்களிலும் பாரமான வெண்கலப் பீரங்கிகள். மொத்தம் 64. பெரியவை ஒவ்வொன்றும் ஒரு தொன்னுக்கு மேல். பாய்மரக் கப்பல் நிமிர்ந்து நிற்க அடியில் கல்லுப் பாரம் போடுவார்கள். வாசாவில் 120 தொன் கல்லுப் போட்டிருந்தார்கள். மேலே இருந்த பாரத்துக்கு அது காணாது. கூடப் போடுவதென்றால் ஒடுங்கிய அடித்தளத்தில் இடமும் இல்லை. போட்டாலும் கப்பல் இன்னும் தாழ்ந்து, கீழ்த்தட்டுப் பீரங்கி வாசல்கள் தண்ணீரை நெருங்கிவிடும்.

முப்பது பேர் ஓடிய ஓட்டம்

கப்பல் புறப்பட முன்னர் ஒரு சோதனை நடந்தது. உப கடற்படைத் தளபதி கிளாஸ் பிளெமிங் பார்த்துக்கொண்டு நிற்க, முப்பது ஆட்களை மேல்தட்டில் ஒரு கரையில் இருந்து மறு கரைக்குச் சேர்ந்து ஓடவிட்டார்கள். கரையில் கட்டியிருந்த கப்பல் ஆடியது. இரண்டாம் முறை ஓடினார்கள். இன்னும் ஆடியது. மூன்றாம் முறை ஓடியதும் தளபதி நிறுத்தச் சொல்லிவிட்டார். இனியும் ஓடினால் கப்பல் அந்த இடத்திலேயே கவிழ்ந்துவிடும் என்ற பயம்.

யோரான் மற்சன் என்ற கப்பல் அதிகாரி தனது கவலையைச் சொன்னார். இந்தத் தச்சர் முன்னரும் கப்பல் கட்டியவர்தான், நீ யோசிக்காதே என்று தளபதி பதில் சொன்னாராம். அரசர் ஊரில் இல்லை, போர்க்களத்தில் நின்றார். கப்பல் கெதியாக வரவேண்டும் என்று கடிதத்துக்கு மேல் கடிதம். "கப்பல் சரியில்லை" என்று அவருக்கு எழுத ஒருவருக்கும் துணிவு வரவில்லை.

1628ம் ஆண்டு ஓகஸ்ட் 10ந் திகதி, ஞாயிற்றுக்கிழமை பின்னேரம். ஸ்ரொக்ஹோம் சனங்கள் கரை நிறைய நின்று பார்க்கிறார்கள். கப்பலில் ஏறக்குறைய 150 பேர். மாலுமிகள் தங்கள் மனைவி பிள்ளைகளையும் தீவுகள் வரை கூட்டிச்செல்ல அனுமதி கிடைத்திருந்தது. போர்வீரர் 300 பேர் வழியில் ஏற இருந்தார்கள். வீரர் ஏற முன்னரே எல்லாம் முடிந்துவிட்டது.

பத்துப் பாய்களில் நாலு பாய்தான் விரித்தார்கள். மெல்லிய காற்று. மரியாதை வேட்டுக்காகப் பீரங்கி வாசல்கள் திறந்தபடி இருந்தன. ஒரு காற்று அடித்தது, கப்பல் சரிந்து நிமிர்ந்தது. இரண்டாவது காற்று அடித்தது, இடது பக்கம் சரிந்த கப்பல் நிமிரவேயில்லை. திறந்திருந்த வாசல்களால் கடல் உள்ளே வந்தது. கொடிகள் பறந்தபடியே வாசா 32 மீற்றர் ஆழத்துக்குப் போனது. முப்பது பேரளவில் இறந்தார்கள்.

அடுத்த மாதம் விசாரணை. மாலுமிகள் வெறியில் இருந்தார்களா என்று கேட்டார்கள். இல்லை என்றார் கப்டன் சொப்றிங் ஹான்சன். பீரங்கிகள் கட்டப்படாமல் உருண்டனவா? இல்லை. தச்சர் யாக்கொப்சனைக் கேட்டார்கள். அரசர் சம்மதித்த அளவுப்படியே கட்டினேன் என்றார். அப்படியானால் பிழை யாரில்? அது கடவுளுக்குத்தான் தெரியும் என்பதே கட்டுதுறையின் பங்காளி சொன்ன பதில். ஒருவருக்கும் தண்டனை இல்லை. கோவையை மூடிவிட்டார்கள்.

இந்த இடத்தில் எங்களோடு வந்த பத்து வயதுப் பொடியன் ஒருவன் தகப்பனிடம் கேட்டான்: "அப்பா, அந்த முப்பது பேரும் ஓடினவைதானே, அவையளுக்குத் தெரியும்தானே. பேந்தும் ஏன் கப்பலை விட்டவை?" தகப்பன் பதில் சொல்லவில்லை. நாங்கள் ஒருவரும் சொல்லவில்லை. ஏன் என்று பின்னர் சொல்கிறோம்.

கவிழ்த்த பேணிக்குள் மனிதன்

பீரங்கி வெண்கலம் விலை கூடியது. ஆகவே கப்பலை விட்டாலும் பீரங்கிகளை விடவில்லை. 1664ம் ஆண்டளவில் திறெயிலேபன், பெக்கெல் என்ற இருவர் சுழியோடும் மணி ஒன்றைக் கொண்டு வேலையைத் தொடங்கினார்கள். ஒரு பேணியைக் கவிழ்த்துத் தண்ணீருக்குள் அமத்திப் பாருங்கள், உள்ளே காற்று நிற்கும். அதேபோல மணி ஒன்றைக் கவிழ்த்து இறக்குவார்கள். அதற்குள் ஒரு மனிதன் நிற்பான். உள்ளே இருக்கும் காற்றுத்தான் அவனது மூச்சு. வெளியே கண் தெரியாத இருட்டு. கொழுக்கித் தடியால் தடவித் தடவி, ஒரு தொன் பாரமான பீரங்கிகளைச் சிறிய வாசல்களுக்குள்ளால் கழற்றி எடுத்தார்கள். ஐம்பதுக்கு மேல் எடுத்துவிட்டார்கள். பிறகு கப்பல் கிடந்த இடத்தையே ஊர் மறந்துபோனது.

ஏறக்குறைய முந்நூறு வருடங்களின் பின்னர் அன்டேர்ஸ் பிரான்சேன் என்ற பொறியியலாளர் ஒரு விடயத்தை யோசித்தார். வெப்பக் கடல்களில் மரத்தைத் துளைத்துத் தின்னும் கப்பற் புழு உண்டு. பால்டிக் கடலில் உப்புக் குறைவு, அந்தப் புழு இங்கே வாழாது. அப்படியானால் பழைய மரக்கப்பல்கள் முழுசாகக் கிடக்கவேண்டுமே! பழைய கடிதங்களைத் தேடி வாசித்தார். சின்ன வள்ளத்தில் போய், கூரான குழாய் போன்ற ஒரு கருவியைக் கயிற்றில் கட்டி அடித்தளத்தில் போட்டுப் போட்டு இழுத்தார். வருடக்கணக்காகச் சேறுதான் வந்தது. 1956ம் ஆண்டு ஓகஸ்ட் 25ந் திகதி அந்தக் குழாய்க்குள் கறுத்த ஓக் மரத்துண்டு ஒன்று வந்தது.

கடற்படைச் சுழியோடி பேர் எட்வின் பெல்டிங் இறங்கினார். கீழே ஒன்றும் தெரியாது. கையால் தடவினார். சுவர் போன்ற மரம். அதில் சதுரமான வாசல். அதற்கு மேலே இன்னொரு வரிசை வாசல். இரண்டு தட்டுப் பீரங்கிக் கப்பல். வாசாதான்!

அதைத் தூக்கிய கதை இன்னும் பெரியது. கப்பலுக்குக் கீழே சேற்றுக்குள்ளால் ஆறு சுரங்கங்கள் தோண்டினார்கள். தண்ணீரை வேகமாகப் பீச்சும் குழாயைப் பிடித்துக்கொண்டு, ஆள் படுத்தபடி ஊர்ந்து போகவேண்டும். தலைக்கு மேலே கல்லுப் பாரத்தோடு ஒரு முழுக் கப்பல்! அந்தச் சுரங்கங்களுக்குள்ளால் உருக்குக் கம்பிவடங்களைக் கோத்து, மேலே மிதக்கும் இரண்டு பெரிய மிதவைகளில் கட்டினார்கள். மிதவைக்குள் தண்ணீர் விட்டால் அது தாழும். அப்போது வடத்தை இறுக்குவார்கள். தண்ணீரை இறைத்தால் மிதவை எழும்பும், கப்பலும் கொஞ்சம் எழும்பும். 1959ம் ஆண்டு இப்படிப் பதினெட்டுத் தடவை தூக்கி ஆழங்குறைந்த இடத்துக்குக் கொண்டுவந்தார்கள். இரும்பு ஆணிகள் துருப்பிடித்துக் கரைந்துபோன ஆயிரக்கணக்கான ஓட்டைகளைச் சுழியோடிகள் ஒவ்வொன்றாக அடைத்தார்கள். 1961ம் ஆண்டு ஏப்ரல் 24ந் திகதி, 333 வருடங்களின் பின், வாசா தண்ணீருக்கு மேலே தலை காட்டியது.

சேறு சொன்ன சாட்சியம்

கப்பலை எடுத்துவிட்டால் வேலை முடிந்தது என்று நாங்கள் நினைத்தோம். அப்போதுதான் ஆராய்ச்சி வேலை தொடங்கியதாம். அகழ்வாராய்ச்சியாளர்கள் மாதக்கணக்காகச் சேற்றைக் கழுவிக் கழுவிப் பார்த்தார்கள். எந்தப் பொருள் எந்த இடத்தில், எதன் அருகில் கிடந்தது என்று ஒவ்வொன்றுக்கும் இலக்கம் இட்டு எழுதினார்கள். அதுதான் முக்கியம். சேற்றில் இருந்து அள்ளி ஒரு பெட்டிக்குள் போட்டால் அது பழஞ்சாமான். கிடந்த இடத்தோடு எழுதி வைத்தால் அது சாட்சி.

ஒரு மாலுமியின் பெட்டி அப்படியே இருந்தது. உள்ளே தொப்பி, சப்பாத்து, தையல் சாமான்கள், சில்லறைக் காசு. வேறோர் இடத்தில் ஒரு பெட்டிக்குள் வெண்ணெய். பீரங்கி வண்டி ஒன்றின் அடியில் ஒருவருடைய எலும்புகள். ஓடித் தப்பமுடியவில்லை, பாவம்.

மரத்தைக் காயவிட்டால் வெடித்துச் சுருங்கிவிடும். ஆகவே பொலியெதிலின் கிளைக்கோல் என்ற மெழுகு போன்ற பொருளைத் தண்ணீரில் கரைத்துப் பதினேழு வருடங்கள் கப்பலின் மேல் தெளித்தார்கள். இன்றைக்கும் வேலை முடியவில்லை. முன்னர் துறைமுகத்தில் கலந்த ஊர்க்கழிவு தண்ணீரின் பிராணவாயுவைக் குறைத்து, மரத்தைத் தின்னும் கிருமிகளைத் தடுத்தது. ஆனால் அதே அழுக்குத் தண்ணீரில் இருந்து கந்தகம் மரத்துக்குள் ஊறியது. இப்போது அது அமிலமாக மாறி மரத்தை அரிக்கிறது. 2011ம் ஆண்டு தொடக்கம் ஐயாயிரத்துக்கு மேற்பட்ட ஆணிகளைக் கழற்றித் துருப்பிடிக்காத உருக்கு ஆணிகள் போட்டிருக்கிறார்கள்.

தொழிற்சாலை வேலைக்காரரான எங்களை நிறுத்திவைத்த பொருள் வேறு. தச்சர்களின் நான்கு அளவுகோல்கள். இரண்டு சுவீடன் அடிக்கோல், இரண்டு அம்ஸ்ரர்டாம் அடிக்கோல். சுவீடன் அடிக்குப் பன்னிரண்டு அங்குலம். அம்ஸ்ரர்டாம் அடிக்குப் பதினொரு அங்குலம், அந்த அடியே நீளம் குறைந்தது. ஒரே கப்பலில் இரண்டு அளவு! கப்பலை நுணுக்கமாக அளந்து பார்த்தபோது இடது பக்கத்தில் மரம் கூடுதலாக இருப்பதும் தெரிந்தது. கப்பல் கவிழ்ந்ததற்கு இது மட்டும் காரணம் அல்ல. தலைப்பாரமே பெருங்காரணம். ஆனாலும் ஒருவருக்கொருவர் விளங்காமல் வேலை செய்தவர்களின் கைகளை 400 வருடங்களின் பின்னும் அந்த மரத்தில் காணலாம்.

அடுத்தது பெண்கள். கப்பலில் கிடந்த எலும்புகளுக்கு ஆராய்ச்சியாளர் எழுத்துக்களால் பெயர் வைத்தார்கள். 'ஜி' என்ற எழுத்துக்கு உரியவரைக் கன காலம் ஆண் என்று எண்ணி, குஸ்தாவ் என்று அழைத்தார்கள். 2023ம் ஆண்டு உப்சாலாப் பல்கலைக்கழகத்தின் மரபணு ஆராய்ச்சியில் அவர் ஒரு பெண் என்று தெளிவானது. இப்போது அவருக்கு வைத்திருக்கும் பெயர் கேர்ட்ரூட். உண்மைப் பெயர் எங்கும் இல்லை. புருசனோடு சும்மா ஒரு பின்னேரப் பயணம் வந்த பெண்ணாகவும் இருக்கலாம். அவர் முகத்தை ஒத்த உருவத்தின் முன்னால் எங்கள் பெண்கள் கன நேரம் பேசாமல் நின்றார்கள். பெயர் இல்லாமல் கடலில் போனவர்களைப் பற்றி எங்களுக்கு யாரும் விளக்கம் சொல்லத் தேவையில்லை.

இன்னும் ஒன்று. வாசாவுக்கு ஒரு சகோதரிக் கப்பல் உண்டு. பெயர் எப்லெத், ஆப்பிள் என்று பொருள். அதே தச்சர் யாக்கொப்சன் கட்டி 1629ம் ஆண்டு கடலில் இறங்கியது. அது கவிழவில்லை. முப்பது வருடம் கடற்படையில் இருந்தது. பிறகு 1659ம் ஆண்டு கடற்படையே அதை அமிழ்த்தியது. 2021ம் ஆண்டு வக்ஸ்ஹொல்ம் பக்கத்தில் சுழியோடிகள் அதைக் கண்டுபிடித்தார்கள். அளந்து பார்த்தால் வாசாவை விட அகலம் கூட! விசாரணையில் "கடவுளுக்குத்தான் தெரியும்" என்றார்கள். ஆனால் அடுத்த கப்பலின் வயிற்றைப் பெருப்பித்திருக்கிறார்கள். அப்படியென்றால் எங்கே பிழை என்று தச்சருக்குத் தெரிந்திருக்கிறது. கோவையில் எழுதாததைக் கடலுக்கு அடியில் இருந்த மரம் சொல்லிவிட்டது.

எங்கள் கப்பல்

அந்தப் பொடியனின் கேள்விக்கு நாங்கள் ஏன் பதில் சொல்லவில்லை என்று சொல்வதாகச் சொன்னோம். சொல்லவே வெட்கமாக இருக்கிறது, ஆனாலும் சொல்லத்தான் வேண்டும்.

நாங்கள் இந்த நாட்டுக்கு வந்த புதிதில், எங்களில் நாலு பேர் ஒரு தொழிற்சாலையில் ஒன்றாக வேலை செய்தோம். அங்கே ஒரு மெசினின் பாதுகாப்பு மூடி கழன்று ஆடிக்கொண்டிருந்தது. நாலு பேருக்கும் தெரியும். மூன்று கிழமையாகத் தெரியும். எங்களுக்குள் தமிழில் கதைத்தோம். மேலாளரிடம் சொல்லவில்லை. பாஷை காணாது, பிழையாகச் சொன்னால் சிரிப்பார்கள். வேலை போனால் விசாவுக்கு என்ன ஆகுமோ? ஊரில் கேள்வி கேட்டவர்களுக்கு நடந்தது மனதில் இருந்தது. "இவ்வளவு நாளும் ஒன்றும் நடக்கவில்லைத்தானே" என்று ஆளையாள் தேற்றிக்கொண்டோம். ஒரு இரவு வேலையில், எங்களோடு வேலை செய்த வேற்று நாட்டுத் தோழர் ஒருவரின் இரண்டு விரல் நுனிகள் போயின. மறுநாள் எல்லோரையும் கூப்பிட்டு, மூடி பழுது என்று யாருக்கும் முன்னரே தெரியுமா என்று கேட்டார்கள். நாங்கள் நாலு பேரும் நிலத்தைப் பார்த்தோம்.

அந்த முப்பது பேரும் ஏன் பேசவில்லை என்பது எங்களுக்கு நன்றாகத் தெரியும் மகனே. அதுதான் அங்கே வாய் வரவில்லை.

புதிதாக வந்து வேலைக்குப் போகும் உறவுகளுக்கு எங்களால் சொல்லக்கூடியது இதுதான். இங்கே ஐந்து பேரோ அதற்கு மேலோ வேலை செய்யும் இடங்களில் தொழிலாளர் பக்கத்தால் ஒரு பாதுகாப்புப் பிரதிநிதி இருக்கவேண்டும் என்பது சட்டம். சுவீடிஷில் 'ஹ்யிட்ஸ்ஒம்பூட்' என்பார்கள். உயிருக்கு ஆபத்தென்றால் வேலையை நிறுத்திவைக்கும் அதிகாரம்கூட அவருக்கு உண்டு. உங்கள் வேலைத்தளத்தில் அவர் யார் என்று முதற் கிழமையிலேயே கேட்டு வையுங்கள். பாஷை காணாவிட்டால் கையால் காட்டுங்கள், படம் கீறிக் காட்டுங்கள், பிள்ளையைக் கொண்டு ஒரு துண்டில் எழுதுவித்துக் கொண்டுபோய்க் கொடுங்கள். இலக்கணப் பிழைக்காக யாரும் வீட்டுக்கு அனுப்பமாட்டார்கள்.

ஸ்ரொக்ஹோம் போகிறவர்கள் வாசாவை ஒருமுறை பார்த்து வாருங்கள். 18 வயது வரையான பிள்ளைகளுக்குக் காசு இல்லை. சிற்பங்களைப் பாருங்கள், நல்ல வேலைப்பாடு. பிறகு எங்கள் ஐயாவைப் போலக் கொஞ்சம் குனிந்து கப்பலின் அடியையும் பாருங்கள். அந்த அளவுகோல்களைப் பாருங்கள். பிள்ளைகள் கேள்வி கேட்டால், எங்களைப் போல வாய் மூடி நிற்காமல் பதில் சொல்லுங்கள்.